சொல்லும் செயலும் ஒரே தராசில்

நீதிமன்றத் தீர்ப்பும் ஓர் எழுத்தே. ஏனைய எழுத்துக்களைப் போல அதனையும் விமர்சன நோக்கில் வாசிக்கலாம்; வாசித்தல் வேண்டும்.

1967 நவம்பர் 9ஆம் திகதி, கேரள முதலமைச்சராயிருந்த ஈ. எம். எஸ். நம்பூதிரிப்பாடு பத்திரிகையாளர் முன் ஒரு கருத்தை வெளியிட்டார். நீதிபதிகளை வர்க்க நலனும் வர்க்கச் சார்புமே வழிநடத்துகின்றன. சான்றுகள் சமமாயிருக்கையில் நீதிபதியின் மனம் எழுத்தறியா ஏழையை விட்டுச் செல்வன்பால் இயல்பாகவே சாயும் என்பதே அது. கேரள உயர் நீதிமன்றம் இதனை அவமதிப்பெனக் கண்டு 1,000 ரூபா தண்டம் விதித்தது. 1970இல் இந்திய உச்ச நீதிமன்றம் குற்றத்தை உறுதிசெய்து, தண்டத்தை 50 ரூபாவாகக் குறைத்தது. பிரதம நீதியரசர் ஹிதயத்துல்லா தமது தீர்ப்பில் மார்க்ஸ், ஏங்கல்ஸ், லெனின் ஆகியோரின் கருத்துக்களை ஆராய்ந்து, நம்பூதிரிப்பாடு அவற்றைப் பிழையாக விளங்கிக்கொண்டார் என்று முடிவு கூறினார்.

மார்க்சிய நூல்களுக்குப் பொருள் காண்பதில் கருத்து வேறுபாடு எழலாம். ஆனால், பொருளைப் பிழையாகக் கொண்டவன் தண்டம் இறுக்க வேண்டுமென்ற நியதி அறிவுலகில் இல்லை. வர்க்கச் சார்பு உண்டென்ற குற்றச்சாட்டுக்கு ஏற்ற விடை மறுப்புரையே; தண்டனையன்று.

அவமதிப்புச் சட்டமே வேண்டாம் என்பது எமது வாதமன்று. நீதிமன்றத்திடம் படையும் இல்லை, பணமும் இல்லை. நீக்கிய தொழிலாளியை மீண்டும் வேலைக்கமர்த்துக என்ற கட்டளையை முதலாளி பொருட்படுத்தாவிடின், அத்தொழிலாளிக்கு எஞ்சியிருக்கும் துணை இச்சட்டமே. இந்தியாவின் 1971ஆம் ஆண்டுச் சட்டமும் கட்டளையை வேண்டுமென்றே மீறுதலை ஒரு வகையாகவும், நீதிமன்றத்துக்கு இழுக்குத் தேடும் பேச்சை வேறொரு வகையாகவும் பிரித்தே கூறுகிறது. நடைமுறையில் அப்பிரிவு என்னவாயிற்று? இரு வழக்குகளை அருகருகே வைத்து நோக்குவோம்.

அயோத்தியின் சர்ச்சைக்குரிய நிலத்தில் நிரந்தரக் கட்டடம் எழாது என்று உத்தரப் பிரதேச முதலமைச்சர் கல்யாண் சிங் உறுதியளித்திருந்தார். 1992 யூலையில் அங்கே சீமெந்து மேடை எழுந்தது. 1994இல் அவர் பெற்ற தண்டனை ஒருநாட் சிறையும் 2,000 ரூபாத் தண்டமும். 1992 டிசம்பர் 6இல், அவர் ஆட்சியிலேயே, பாபர் மசூதி இடிக்கப்பட்டது. அதுபற்றிய அவமதிப்பு வழக்கோ 2022 வரை கிடந்து, அவர் இறந்த பின்னரே முடித்துவைக்கப்பட்டது.

எழுத்தாளர் அருந்ததி ராய், விமர்சனத்தின் வாயை அடைக்க நீதிமன்றம் முற்படுகிறதெனத் தமது சத்தியக் கடதாசியில் எழுதினார். 2002இல் அவர் பெற்றதும் அதே ஒருநாட் சிறை, அதே 2,000 ரூபாத் தண்டம்!

வாக்குறுதியை மீறிய அரசதிகாரமும், ஒரு கருத்தை எழுதிய பேனாவும் ஒரே எடையாக நிறுக்கப்பட்டன. இது அயல்நாட்டுக் கதை மட்டுமன்று. இலங்கையிலும் 2003இல், தம் வழக்கைத் தாமே நடத்திய ஒருவர், நீதிமன்றில் உரத்துப் பேசியமைக்கும் மன்னிப்புக் கேட்க மறுத்தமைக்குமாக ஓராண்டுக் கடூழியச் சிறைக்கு அனுப்பப்பட்டார். இங்கிலாந்தோ நீதிமன்றத்தை இழித்துரைக்கும் குற்றத்தையே 2013இல் நீக்கிவிட்டது; அதனால் அந்நாட்டு நீதிமன்றங்கள் குலைந்துபோகவில்லை.

நீதிமன்றத்தின் மதிப்பு அதன் கட்டளை ஏழையின் குடிசை வரை சென்று நிறைவேறுவதிலேயே தங்கியுள்ளது. அக்கட்டளையை மீறும் வலியவன்மீது சட்டத்தின் கை ஓங்கட்டும்; வினா எழுப்புபவன்மீது ஓங்க வேண்டியதில்லை.