பெயர்க் கையேடுகளும் பொருட் பிழைகளும்

முஸ்லிம் குழந்தைகளுக்கான பெயர்க் கையேடுகள் தமிழில் பல வெளிவந்துள்ளன. அரபி அறியாத பெற்றோர்க்கு அவை துணைபுரிகின்றன என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் பெயரைத் தமிழெழுத்தில் மட்டும் தந்து, எதிரே இனியதொரு பொருளை எழுதுவதோடு பணி முடிந்ததெனக் கருதும் கையேடு பெற்றோரைத் தவறான வழியில் செலுத்திவிடக்கூடும்.

'ஆஸியா' என்னும் பெயரை எடுத்துக்கொள்வோம். அலிஃபும் ஸீனும் கொண்டு எழுதினால், அது ஃபிர்அவ்னின் இறைநம்பிக்கை மிக்க மனைவியின் பெயர். ஐனும் ஸாதும் கொண்டு எழுதினால், 'மாறு செய்பவள்' என்பது பொருள். இந்த இரண்டாவது பெயரையே அண்ணல் நபி (ஸல்) அவர்கள் 'ஜமீலா' என்று மாற்றியதாக ஸஹீஹ் முஸ்லிமில் காண்கிறோம். தமிழெழுத்திலோ இரண்டும் ஒன்றே. நம் முன்னோர் கையாண்ட அரபுத்தமிழில் இம்மயக்கத்திற்கு இடமில்லை. அரபி எழுத்துகள் அங்கே தத்தம் வடிவிலேயே நின்றன.

அடுத்தது மொழி மயக்கம். பர்வீன், நஸ்ரீன், ஷாஹீன் ஆகியவை பாரசீகச் சொற்கள். முறையே கார்த்திகை விண்மீன் கூட்டம், காட்டு ரோஜா, வல்லூறு எனப் பொருள்படும். 'ஸமீர்' அரபியில் இரவு நேர உரையாடல் தோழனைக் குறிக்கும். 'காற்று' என்பது வடமொழி 'சமீர'த்தின் பொருள். பிறமொழிப் பெயரைச் சூட்டுவது குற்றமன்று. அதனை அரபி என்று எழுதுவதே பிழை.

மூன்றாவது, பொருளுக்கு மெருகேற்றும் போக்கு. கதீஜா என்பது குறைமாதப் பிறப்பையும், ஃபாத்திமா என்பது பால்குடி மறக்கச் செய்தலையும் குறிக்கும் வேர்களிலிருந்து பிறந்தவை. இதை மறைத்து வேறு பொருள் புனைய வேண்டியதில்லை. அப்பெயர்களின் கண்ணியம் அகராதியில் இல்லை. அவற்றைத் தாங்கிய பெருமாட்டிகளின் வாழ்வில் இருக்கிறது.

சொல்லைப் பிரித்துப் பொருளுரைப்பது எளிது. வழக்கைக் கொண்டு நிறுவுவதே அரிது. விழுப்புரத்தை அடுத்த திருவாமாத்தூரின் பெயருக்குத் தலபுராணம் ஆவினத்தோடு இயைத்து விளக்கம் தருகிறது. ஊர்ப்பெயர் ஆய்வாளரோ அதனோடு நில்லாது, தேவாரத்தில் 'ஆமாத்தூர்' என வழங்கியதையும் நோக்குவார். ஊரின் பெயருக்குக் காட்டும் எச்சரிக்கை குழந்தையின் பெயருக்கு வேண்டாமா? ஹிஜ்ரி 321இல் (கி.பி. 933) மறைந்த இப்னு துரைது, அரபியரின் பெயர்களுடைய வேர்களை ஆராய்வதற்கென்றே 'அல்இஷ்திகாக்' என்னும் நூலை இயற்றினார். வழி நமக்குப் புதிதன்று.

ஆகவே கையேடு எழுதுவோர் ஒவ்வொரு பெயருக்கும் அரபி வடிவம், மொழி, வேர், அகராதிச் சான்று ஆகிய நான்கையும் தருதல் வேண்டும். பெற்றோரும் முதலில் மூல எழுத்தை ஆலிமிடம் கேட்டறிந்து, பின்னரே தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுத்தமைப்பை முடிவு செய்யட்டும். பிறப்பைப் பெயரின்றிப் பதிந்து, பெயரைப் பின்னர்ச் சேர்க்க 1969ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டமே இடமளிக்கிறது. வாழ்நாள் முழுதும் பிள்ளை சுமக்கப்போகும் சொல்லை அவசரத்தில் எழுதிக் கொடுக்க வேண்டியதில்லை.