பழகலும் பழக்கலும்

கோடை விடுமுறைக்குத் துவாக்குடி வந்திருந்த என் தங்கை பேரன் 'குட்டி இளவரசன்' படித்துக்கொண்டிருந்தான். நரி வருகிற இடத்தில் நிறுத்தி, "தாத்தா, நரியைப் பழக்க முடியுமா?" என்றான். பதில் சொல்ல வாயெடுத்தவன் யோசனையில் ஆழ்ந்துவிட்டேன்.

செந்த்-எக்சுபரி 1943-இல் வெளியிட்ட இந்தப் பிரெஞ்சுக் கதையை வெ. ஸ்ரீராமும் ச. மதனகல்யாணியும் மூலத்திலிருந்து நேராகத் தமிழாக்கினார்கள். 1981-இல் க்ரியா வெளியிட்டது. அதே க்ரியாதான் 1992-இல் தற்காலத் தமிழ் அகராதியையும் கொண்டுவந்தது. எனக்கு இது பொருத்தமாகவே படுகிறது. குழந்தைக் கதையை மொழிபெயர்க்கிறவருக்கு அகராதிக்காரரின் காது வேண்டும்.

நரி சொல்லும் பிரெஞ்சு வினை 'அப்ரிவுவாசே'. மிருகத்தை வசப்படுத்துவது என்பது அகராதிப் பொருள். நரியோ அதை உறவு உண்டாக்குவது என்று விளக்குகிறது. பிரெஞ்சுக்காரருக்கு அந்த விளக்கம் தேவை. நமக்கு? மாட்டைப் பழக்குகிறோம், மனிதரோடு பழகுகிறோம். வேர் ஒன்றுதான்.

சிறுவன் விமானியிடம் ஆடு வரைந்து தரக் கேட்கும் இடம்தான் கஷ்டமானது. தயவு கேட்கும் சொல்லில் 'நீங்கள்', வரையச் சொல்லும் வினையில் 'நீ'! மூலத்தில் அதுவே அழகு. ஆங்கிலம் வழியாக வந்தால் இந்தப் பேதம் தொலைந்தே போகும். அங்கே இரண்டுக்கும் ஒரே சொல். தமிழில் பேதம் உண்டு, ஆனால் அப்படியே கலந்து எழுதினால் அச்சுப்பிழை என்பார்கள். எந்த அகராதியும் இங்கே கைகொடுக்காது.

பையன் காத்திருந்தான்.

"பழகலாம்" என்றேன்.

"பழக்க முடியுமான்னு கேட்டேன், தாத்தா" என்றான்.