கூந்தலும் ஒரு தாளும்

யூதர் வரலாற்றைச் சொல்லும் படங்கள் என்றதும் நாஜி முகாம்களும் சரக்கு ரயில்களும்தான் கண்முன் வருகின்றன. 1985இல் வந்த கிளோத் லான்ஸ்மானின் ‘ஷோவா’ ஒன்பதரை மணி நேரம் ஓடுகிறது. பழைய படச்சுருள் ஒன்றுகூட இல்லாமல் சாட்சிகளின் வாய்ச்சொல்லாலேயே நடக்கிறது. அதைத் தாண்டிக்கொண்டு இந்தத் துறையைப் பேச முடியாது. ஆனாலும் அழிவுக்கு முன்னும் பின்னும் அந்த மக்கள் எப்படிக் குடும்பம் நடத்தினார்கள் என்று எழுதிய திரைக்கதைகளே என்னை அதிகம் பிடித்துவைத்திருக்கின்றன.

போலந்தில் 1937இல் எடுக்கப்பட்ட ‘திப்புக்’ அவற்றில் மூத்தது. எஸ். அன்ஸ்கி 1912 முதல் ஊர் ஊராகப் போய் யூதர்களின் கதைகளையும் பாடல்களையும் சேகரித்தவர்; அந்த அனுபவம் ஊறிய அவருடைய நாடகம்தான் இந்தப் படம். இரண்டே ஆண்டுகளில் போர் வந்துவிட்டது. அதை நினைத்துக்கொண்டு படத்தில் வரும் கல்யாணக் காட்சியைப் பார்த்தால் நெஞ்சு அடைக்கிறது.

ஜோன் மிக்ளின் சில்வர் எழுதி இயக்கிய ‘ஹெஸ்டர் ஸ்ட்ரீட்’ (1975) வேறு பாதையில் போகிறது. மூலம், ஆபிரகாம் கஹான் 1896இல் எழுதிய ‘யெக்ல்’ குறுநாவல். நியூயார்க்குக்கு முன்னால் வந்துவிட்ட கணவன், தாடியை மழித்து ஜேக் ஆகிவிட்டான். மகனோடு பின்னால் வரும் மனைவி கிட்டல், மணமான பெண் முடியை மறைக்க வேண்டும் என்ற வழக்கப்படி விக் அணிந்து கப்பலிலிருந்து இறங்குகிறாள். பேச்சில் பெரும்பகுதி கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் வீட்டு மொழியான யிட்டிஷ். பெரிய நிறுவனங்கள் படத்தை எடுத்துக்கொள்ளவில்லை. சில்வரின் கணவரே வெளியிட்டார். கிட்டலாக நடித்த கரோல் கேன் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார்.

நாவல் கணவன் பின்னால் போகிறது. சில்வர் கதையை மனைவியின் பக்கம் சாய்த்தார். அவருடைய திறமை முழுவதும் அந்தச் சாய்வில் இருக்கிறது. பக்கத்து வீட்டு அம்மாளின் பேச்சைக் கேட்டு, கிட்டல் ஒருநாள் சொந்த முடியைச் சீவி முடித்துக்கொண்டு நிற்கிறாள். இதுவும் விக்தான் என்று நினைத்து ஜேக் பிடித்து இழுக்கிறான். வலியில் அவள் துடிக்கிறாள். கணவனுக்குத் தன் மனைவியின் கூந்தல் எது என்று தெரியவில்லை! குடியேற்றம் ஒரு வீட்டுக்குள் என்ன செய்தது என்பதற்கு இதைவிட நெருக்கமான காட்சியை நான் பார்த்ததில்லை.

இருவரும் பிரியும்போது ‘கெட்’ எழுதப்படுகிறது. யூத மதச் சட்டப்படி, கணவன் இந்த மணவிலக்குத் தாளைக் கொடுத்தால்தான் மனைவிக்கு விடுதலை.

அதே தாளின் பெயரையே தலைப்பாக்கி, ரோனித் எல்கபெட்ஸும் தம்பி ஷ்லோமியும் 2014இல் ஒரு படம் எழுதி இயக்கினார்கள். இஸ்ரேலில் யூதர்களின் திருமணமும் மணவிலக்கும் மதகுருக்களான ரப்பிகளின் நீதிமன்றத்தின் பிடியில் இருக்கின்றன. கணவனிடம் மணவிலக்குக் கேட்கும் நாயகி விவியன் அங்கே ஐந்து ஆண்டுகள் வந்து வந்து போகிறாள். கேமரா அந்தக் கட்டடத்தை விட்டு வெளியேறுவதே இல்லை. மன்றத்தில் எபிரேயம், மொராக்கோவிலிருந்து வந்த குடும்பத்தின் பிரெஞ்சும் அரபியும் நடுநடுவே வந்துவிழுகின்றன. ஒருமுறை விவியன் கூந்தலை அவிழ்த்துக் கோதுகிறாள். முடியைக் கட்டு என்று நீதிபதி அதட்டுகிறார். கடைசியில் தாள் தயாராகிறது. இனி நீ எந்த ஆணையும் மணக்கலாம் என்ற சொல்லைக் கணவன் சொல்ல வேண்டும். அவள் நிற்கிறாள். அவனுக்கு வாய் வரவில்லை.