லிம்: ஒரு வினைச்சொல்லும் ஓர் உள்ளங்கைக் கலையும்

ஓவியம் தீட்ட உட்காருபவர் பட்டாடை அணிந்திருக்க வேண்டும். பட்டில்தான் இழையும் தூசியும் குறைவாக உதிரும். தலைப் பொடுகு படத்தின்மேல் விழக் கூடாது. குனிந்து வேலை செய்யும்போது பேசக் கூடாது. எச்சில் துளி ஒன்று தீட்டிய முகத்தில் தெறித்துவிட்டால் அப்புறம் அதைச் சரிசெய்யவே முடியாது. நிக்கலஸ் ஹில்லியர்ட் என்ற ஆங்கில ஓவியர் 1600-ஐ ஒட்டி எழுதிவைத்த பாடங்கள் இவை. ஒரு துளி எச்சிலுக்கு இப்படி அஞ்ச வேண்டிய ஓவியம் எவ்வளவு பெரியது? பெரும்பாலும் ஐந்து சென்டிமீட்டர் உயரம். உள்ளங்கைக்குள் வைத்து மூடிவிடலாம்.

இந்தக் கலைக்கு லிம்னிங் என்று பெயர். செய்பவர் லிம்னர். செய்வதைச் சொல்லும் வினை 'லிம்'. ஆங்கிலத்தில் எழுதினால் நான்கு எழுத்து, உச்சரித்தால் மூன்றுதான். கடைசியில் நிற்கும் 'என்' வினைச்சொல்லில் ஊமை. லிம்னர் என்று ஆளைக் குறிக்கும்போது அதற்கு வாய் முளைத்துவிடும். செய்தித்தாள் பத்தியைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லிலும் இதே கதைதான். பத்தி எழுதுகிறவர் 'காலம்னிஸ்ட்' ஆகும்போதுதான் அதுவரை பதுங்கியிருந்த எழுத்து வெளியே வருகிறது.

இன்று 'லிம்' என்ற வினையைப் பார்க்க வேண்டுமானால் ஆங்கிலப் புத்தக மதிப்புரைகளுக்குத்தான் போக வேண்டும். அங்கே அது 'சித்திரிப்பது' என்பதற்குப் பகட்டான மாற்று. அகராதியும் 'வரைதல், விவரித்தல்' என்று இரண்டு பொருளைச் சொல்லி முடித்துக்கொள்ளும். ஆனால் இந்தச் சொல்லின் சுவை முழுவதும் லிம்னரின் மேசைமேல் இருக்கிறது. அந்த மேசையைப் பார்த்தவர்களுக்கு வினையை எங்கே போடலாம், எங்கே போடக் கூடாது என்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

வேரிலிருந்து தொடங்குவோம். ஒளியூட்டுவதைக் குறிக்கும் லத்தீன் வினை பழைய பிரெஞ்சில் தேய்ந்து, 15-ஆம் நூற்றாண்டு ஆங்கிலத்தில் 'லிம்' என்று வந்து நின்றது. அச்சுக்கு முந்தைய காலத்தில் கையெழுத்துப் புத்தகங்களின் முதலெழுத்துகளைப் பொன்னாலும் வண்ணத்தாலும் அலங்கரிப்பார்கள். பக்கத்தைத் திருப்பும்போது பொன் மின்னும்; புத்தகத்துக்கு விளக்கேற்றியதாகவே அதை எண்ணினார்கள். சிற்றோவியத்தைக் குறிக்கும் 'மினியேச்சர்' என்ற சொல்லும் அதே பக்கத்தில் பிறந்ததுதான். அதற்கும் 'மினி'க்கும் பிறப்பில் உறவு கிடையாது. 'மினியம்' என்றால் ஈயச் செந்தூரம். ஏட்டில் சிவப்பு மையால் தீட்டுவதைத்தான் அந்தச் சொல் முதலில் குறித்தது. சின்னது என்ற பொருள் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது.

அச்சு இயந்திரம் வந்து ஏடு தீட்டுவோரின் பிழைப்பில் கைவைத்தது. 1520-களில் எட்டாம் ஹென்றியின் அரசவைக்கு கெண்ட் நகரத்திலிருந்து லூக்காஸ் ஹோரன்பவுட் வந்தார். ஏடு தீட்டும் குடும்பம். புத்தகத்தின் ஓரத்தில் இருந்த முகத்தை வெட்டியெடுத்துத் தனியே நிறுத்தியதுபோல வட்டமான சிறு உருவப்படங்களை அவர் செய்தார். எண்ணெய் வண்ணத்தில் கொடிகட்டிப் பறந்த ஹோல்பைனே அவரிடம் இந்த வித்தையைக் கற்றுக்கொண்டார். 1539-இல் ஹோல்பைன் தீட்டிய கிளீவ்ஸ் நாட்டு ஆன் படம், ரோஜாப் பூவாகக் கடைந்த தந்தச் செப்புக்குள் இன்றும் லண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஹென்றி அந்தப் பெண்ணை மணந்து சில மாதங்களிலேயே விலக்கிவிட்டார். படம் நிலைத்துவிட்டது.

ஆனால் லிம்னிங்கை ஆங்கிலேயரின் சொந்தக் கலையாக்கியவர் ஹில்லியர்ட். 1547 வாக்கில் எக்ஸிடர் நகரத்தில் பொற்கொல்லர் வீட்டில் பிறந்தவர். லண்டனில் அரசியின் பொற்கொல்லரான ராபர்ட் பிராண்டனிடம் ஏழாண்டு தொழில் பழகியவர். அவர் படங்களைப் பார்க்கும்போது இதை மறக்கவே முடியாது. தூரிகை பிடித்த கையில் தட்டாரின் பொறுமை தெரியும்.

அவர் மேசைக்கு வருவோம். துணி இல்லை, பலகை இல்லை. இளங்கன்றின் தோலைக் காகிதத்தைவிட மெல்லியதாகப் பதப்படுத்தி, அதைச் சீட்டுக்கட்டுச் சீட்டு ஒன்றின்மேல் பசையால் ஒட்டுவார்கள். தோல் சுருங்கிக் கோணாமல் இருக்கச் சீட்டின் விறைப்பு உதவும். பழைய சட்டத்தைக் கழற்றி ஓவியத்தைத் திருப்பினால் சில படங்களின் முதுகில் இஸ்பேடோ ஆர்ட்டினோ கண்சிமிட்டும். ஒட்டிய தோலை விலங்குப் பல்லால் தேய்த்து மெருகேற்றியபின் முகம் வரும் இடத்தில் சதையின் நிறத்தை ஒரே பூச்சாகப் பூச வேண்டும். வெளுத்தவர், சிவந்தவர், மாநிறத்தவர் என்று ஆளுக்குத் தக்கபடி வெவ்வேறு பூச்சுள்ள சீட்டுகள் தயாராக இருக்கும். எதிரே வந்து உட்காருபவரின் நிறத்தைப் பார்த்துப் பொருத்தமான சீட்டை எடுத்துக்கொள்வார் ஓவியர்.

அதன்பின் எல்லாம் கோடும் புள்ளியும்தான். அணில் முடியைப் பறவை இறகின் தண்டில் செருகிய தூரிகை. வேலம்பிசினில் குழைத்து, கிளிஞ்சலிலும் முத்துச் சிப்பியிலும் வைத்திருக்கும் வண்ணம். முன்வரைவு போடும் வழக்கமில்லை. உயிருள்ள முகத்தைப் பார்த்துக்கொண்டே நேரடியாகத் தீட்டத் தொடங்கிவிடுவார்கள். கன்னத்தின் வளைவும் இமையின் மடிப்பும் முடி போன்ற கோடுகளின் நெருக்கத்தில் மெல்லத் திரண்டு வரும். பெரிய படத்தில் தவறினால் மேலே பூசி மறைக்கலாம். இங்கே அப்படி மறைக்க இடமே இல்லை.

நகைகளில்தான் ஹில்லியர்டின் குறும்பு முழுதாக வெளிப்படும். மாணிக்கத்தைச் சிவப்புப் புள்ளி வைத்து முடித்துவிட மாட்டார். முதலில் வெள்ளிப்பொடியைப் பூசி, கீரி இனத்துச் சிறு விலங்கின் பல்லால் அதைப் பளபளக்கத் தேய்ப்பார். அதன்மேல் சாயமேற்றிய மரப்பிசினைச் சூடாக்கிய ஊசியால் ஒரு துளி எடுத்து வைப்பார். துளி உருண்டு உறையும். உள்ளே போன வெளிச்சம் வெள்ளியில் பட்டுத் திரும்பும். படத்தில் இருப்பது குண்டூசித் தலையளவு கல்தான், ஆனால் மெழுகுவத்தியைக் கிட்டே கொண்டுவந்தால் நிஜக் கல்போல மின்னும். முத்துக்கு ஈய வெள்ளையை மேடாக வைத்து, உச்சியில் ஒரு வெள்ளிப் பொட்டு. கழுத்தைச் சுற்றி நிற்கும் சரிகைப் பட்டைக்கும் கெட்டியான வெள்ளையை இழை இழையாக வார்ப்பார். பக்கத்திலிருந்து ஒளி விழுந்தால் அந்தச் சரிகைக்கு உண்மையான நிழலே விழும்.

அவர் வைத்துக்கொண்ட நிழல் அந்த அளவுதான். முகத்தில் நிழலைச் சேர்க்கவே மாட்டார். இதற்குக் காரணமான உரையாடலை அவரே எழுதியிருக்கிறார். முதலாம் எலிசபெத் அரசி முதன்முதலாக அவர் முன்னே அமர்ந்தபோது, கோடே எல்லாவற்றையும் சொல்லிவிடும், கிட்டே வைத்துப் பார்க்கும் சிறிய படத்துக்கு நிழல் தேவையில்லை என்று பேச்சு போயிருக்கிறது. உடனே அரசி, மரமோ நிழலோ அண்டாத திறந்த தோட்டப் பாதையில் போய் உட்கார்ந்துகொண்டாராம். அவருக்கு வயது ஏறியபோதும் படங்களில் முகத்துக்கு வயது ஏறவில்லை. இதை முகத்துதி என்று ஒதுக்குபவர்கள் உண்டு. நான் அப்படிப் பார்க்கவில்லை. ஒளியூட்டுவது என்ற பழைய பொருளை ஹில்லியர்ட் எழுத்துக்கு எழுத்து கடைப்பிடித்தார். ஏட்டின் பொன்னெழுத்துக்கு நிழல் உண்டா?

இப்படங்கள் ஊர் பார்க்கச் செய்தவை அல்ல. 1564-இல் ஸ்காட்லாந்து அரசியின் தூதராக வந்த ஜேம்ஸ் மெல்வில், எலிசபெத் தம் படுக்கையறைப் பேழையைத் திறந்து காட்டியதைப் பதிவுசெய்திருக்கிறார். உள்ளே சிறுசிறு படங்கள், ஒவ்வொன்றும் காகிதத்தில் சுற்றி, மேலே அரசியின் கையால் பெயர் எழுதியவை. லெஸ்டர் பிரபுவின் படத்தை அரசி அவ்வளவு எளிதில் வெளியே எடுக்கவில்லை. யார் யாரைக் கழுத்துப் பதக்கத்துக்குள் வைத்திருக்கிறார் என்பது அரசியல் ரகசியமாகவும் காதல் ரகசியமாகவும் இருந்த காலம் அது.

அந்த ரகசியத்தின் உச்சம், ரோஜாச் செடிகளுக்கிடையே நிற்கும் இளைஞனின் படம். சுமார் 1587-ஐச் சேர்ந்தது. உயரம் பதின்மூன்றரை சென்டிமீட்டர். மரத்தில் சாய்ந்து, மார்பில் கைவைத்து, நீண்ட கால்களைக் குறுக்கே போட்டு நிற்கிறான். உடையின் கருப்பும் வெள்ளையும் அரசிக்குரிய நிறங்கள். அவன்மேல் படர்ந்திருக்கும் வெள்ளைக் காட்டு ரோஜாவும் அரசியின் பூ. எஸ்ஸெக்ஸ் பிரபுதான் அவன் என்று சொல்வோர் உண்டு. யாராயிருந்தால் என்ன? மேலாடையின் குறுக்கே ஓடும் முள்கொடியைப் பாருங்கள். காதலின் இன்பமும் குத்தலும் அந்த ஒரு கோட்டில் வந்துவிடுகின்றன.

மாணவர் ஐசக் ஆலிவர் குருவை மீறினார். முகத்தில் நிழல் சேர்த்தார், மூக்கும் தாடையும் திரண்டு வந்தன. உடல் நிஜமாகத் தெரிய வேண்டுமென்றால் ஆலிவரிடம் போகலாம். எனக்கு ஹில்லியர்டின் கோடுதான் பிடிக்கும். காலம் அவர் கைவேலையைக் கொஞ்சம் கெடுத்திருக்கிறது என்பதும் உண்மை. கன்னச் சிவப்பு வெளிறி, பல முகங்கள் இன்று சுண்ணாம்பாய்த் தெரிகின்றன. முத்தின்மேல் வைத்த வெள்ளிப் பொட்டு கறுத்துவிட்டது. இவ்வளவு ஒளி சேர்த்த கைக்குக் கடைசிக் காலம் ஒளியாக அமையவில்லை. 1617-இல் வேறொருவர் கடனுக்கு ஜாமீன் நின்றதால் லட்கேட் சிறையில் அடைபட்டார், 1619-இல் இறந்தார்.

1700-ஐ ஒட்டி, வெனிஸ் நகர ரோசால்பா கரியேரா தோலை விட்டு யானைத் தந்தத்தின் மெல்லிய சில்லில் தீட்டத் தொடங்கினார். தந்தத்தின் உள்ளொளி சதைக்கு உயிர் தந்தது. ஐரோப்பா முழுவதும் அதற்கு மாறியது. அந்த மரபில் வந்த ஜான் ஸ்மார்ட் 1785-இல் நம் சென்னைக்கே வந்து, 1795 வரை தங்கினார். ஆற்காடு நவாப் முகமது அலி வாலாஜாவையும் அவர் குடும்பத்தாரையும் தந்தத்தில் தீட்டினார். இந்தியாவில் செய்த படங்களில் தம் பெயரெழுத்துக்கும் ஆண்டுக்கும் கீழே 'ஐ' என்ற ஆங்கில எழுத்தைச் சேர்ப்பார். இந்தியா என்பதற்கான அடையாளம் அது. 1839-இல் புகைப்படம் வந்தது. பதக்கத்துக்குள் வைக்க முகம் வேண்டியவர்கள் கேமராவைத் தேடிப் போனார்கள்.

தொழில் தேய்ந்தாலும் வினை பிழைத்துக்கொண்டது. வண்ணத்தால் தீட்டுவதிலிருந்து சொல்லால் தீட்டுவதற்கு அது எப்போதோ தாவிவிட்டது. விளிம்பில் ஒளி படிந்து உருவம் துலங்குவதற்கும் ஆகிவந்தது: மாலை வெயில் மலைமுகட்டை 'லிம்' செய்கிறது என்று ஆங்கிலத்தில் எழுதலாம். டோனி மாரிசன் 1993 நோபல் உரையில் மொழியின் ஆற்றலைப் பற்றிச் சொல்லும் இடத்தில் இந்த வினையைத்தான் எடுத்தார். அங்கே அது கச்சிதம். நியூயார்க் டைம்ஸ் விமர்சகர் மிச்சிகோ ககுதானி இதை அடிக்கடி கையாண்டு வாசகர்களின் கேலிக்கு ஆளானார். 2010-இல் பால்டிமோர் சன் நாளிதழ் ஒரு தேர்தல் செய்தித் தலைப்பில் இதைப் போட, புரியாத சொல்லை முதல் பக்கத்தில் போடலாமா என்று வாசகர் சண்டைக்கு வந்தார். தலைப்பில் இடம் குறைவு, எழுத்து நான்கே என்பது பத்திரிகைக்காரருக்கு வசதிதான். ஆனாலும் என் வாக்கு வாசகருக்கே. வேட்பாளர்களின் வேறுபாட்டை எடுத்துக்காட்டத் தந்தமும் கிளிஞ்சலும் எதற்கு?

ஆங்கிலத்தில் எழுதும் தமிழர்களுக்கு என் சிபாரிசு இதுதான். சொல்லவரும் பொருள் சிறிதாக, கோடு நுட்பமாக இருந்து, முடிவில் முன்பில்லாத வெளிச்சம் கூடுமானால் 'லிம்' போடுங்கள். நாலு வரியில் ஒரு கிழவியின் முழு வாழ்வும் தெரியுமானால் அந்த எழுத்தாளர் அவளை 'லிம்' செய்திருக்கிறார். ஆயிரம் பக்க வரலாற்றுக்கும் ஆண்டறிக்கைக்கும் இந்த வினையைச் செலவிடாதீர்கள். லண்டன் போகிறவர்கள் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தின் சிற்றோவிய அறைக்குக் கட்டாயம் போங்கள். நீர்வண்ணம் வெளிறாதிருக்க அங்கே வெளிச்சத்தைக் குறைத்தே வைத்திருப்பார்கள். பையில் ஒரு பூதக்கண்ணாடி இருக்கட்டும்.