கேட்டு நடித்த கலைஞர்: ரி. எஸ். பாலையா

தமிழ்ப் படவுலகின் வரலாற்றைக் கூறப் புகுவோர் கதாநாயகர்களின் பெயர்களை நிரைப்படுத்திவிட்டு, ஏனையோரை ‘மற்றும் பலர்’ என்னுந் தொடரில் அடக்கிவிடுவது வழக்கம். அத்தொடருள் அடங்க மறுப்பவர் ரி. எஸ். பாலையா (1914-1972).

நாடகமேடையிற் பயின்று வந்த பாலையா, 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் நெறிப்படுத்திய ‘சதி லீலாவதி’யிலே திரைக்கு அறிமுகமானார். எம். ஜி. இராமச்சந்திரனுக்கும் அதுவே முதற்படம். கதாநாயகன் வாழ்விழந்து இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலே கூலியாளாக உழைக்க நேரும் அக்கதையில், சூழ்ச்சிக்காரன் வேடம் பாலையாவுக்கு வாய்த்தது. பின்னரும் நெடுங்காலம் தீயோர் வேடங்களே அவரை மிகுதியாக நாடின. ‘மதுரை வீரன்’ (1956) படத்து நரசப்பன் அவற்றுள் ஒன்று. அண்ணாதுரையின் நாடகத்தைத் தழுவிய ‘வேலைக்காரி’யில் (1949) கதாநாயகனுக்கு அறிவுரை கூறும் தோழனாக வந்தமை ஒரு விலக்கு.

ஒலிபெருக்கியில்லாத மேடை, கடைசி வரிசையில் இருப்போனுக்கும் எட்டும் குரலை நடிகனிடம் வேண்டிற்று. அக்குரலை அப்படியே திரைக்குக் கொணர்ந்து இடர்ப்பட்டோர் பலர். பாலையாவோ சொல்லை இழுத்து, இடையில் நிறுத்தி, ஈற்றில் நழுவவிடும் தமக்கேயுரிய உச்சரிப்பினால் மேடைக்குரலைத் திரைக்கு இணக்கிக்கொண்டார். எனினும் அவருடைய உயர்ந்த நடிப்பு அவர் பேசாத இடங்களிலேயே உளது.

ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ (1964) படத்தில் மகனாகிய நாகேஷ் தாம் எடுக்கவிருக்கும் படத்தின் கதையைத் தந்தைக்குச் சொல்லுங் காட்சியை நோக்குக. கதை சொல்பவர் நாகேஷ். அச்சுறுத்தும் ஓசைகளை எழுப்புபவரும் அவரே. ஆயினும் காட்சி நிகழ்வது பாலையாவின் முகத்திலேயாம். அலட்சியம் ஆவலாகி, ஆவல் அச்சமாக மாறும் படிகளை அவர் ஒன்றன்பின் ஒன்றாகக் காட்டுகின்றார். (வசனங்களை மனனஞ்செய்து ஒப்புவிக்கும் மாணவர் இக்காட்சியை எடுத்தாளுதல் அரிது, ஒப்புவிப்பதற்கு அதில் யாதுளது?)

அடுத்த ஆண்டு வெளிவந்த ஏ. பி. நாகராஜனின் ‘திருவிளையாடல்’ இவ்வாற்றலை மேலும் கடினமான சோதனைக்கு உட்படுத்திற்று. பரஞ்சோதி முனிவரின் விறகு விற்ற படலத்து ஏமநாதன், திரையில் ஹேமநாத பாகவதராகின்றான். பாடும் குரல் பாலமுரளிகிருஷ்ணாவினது. செருக்கு முழுவதும் பாலையாவினது. இரவற்குரலுக்கு உடைமையாளராகத் தோன்றுவதே அரிது. அதனினும் அரிது, பின்னர் விறகுவெட்டியின் பாடலைக் கேட்டவாறே அப்பெருமிதத்தைச் சொல்லின்றி இழத்தல். மருட்கை, நாணம், தோல்வி என்பன அம்முகத்திற் படிப்படியாகப் பரவுகின்றன. வசனத்தின் நீளத்தையே நடிப்பின் அளவுகோலாகக் கொண்ட காலத்தில் இத்தகைய நடிப்பு நகைச்சுவை என்ற பெயரில் ஒதுக்கப்பட்டமை வியப்பன்று, வருந்தத்தக்கது.

பிற்காலப் படங்கள் சிலவற்றில் நெறியாளர்கள் அவ்விழுத்த பேச்சையே திரும்பத் திரும்ப வேண்டினர். அவரும் குறைவின்றி வழங்கினார். அவற்றில் அவர் புதிதாகக் கண்டது சிறிதே.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) அவ்வாறன்று. கொத்தமங்கலம் சுப்புவின் கதையில் வரும் தவிற்கலைஞர் முத்துராக்கு, நாதசுரக்காரனின் சினத்தையும் காதலையும் அருகிருந்து தாங்குபவர். சிவாஜி கணேசனின் நாதசுரம் ஒலிக்கையில் பாலையாவின் கைகள் தவிலில் இருக்கின்றன. கண்களோ நாதசுரக்காரனை விட்டு அகலுவதில்லை.