தாழாத ராக்கெட்

இந்தோனேசியக் கலப்பு இரட்டையர் பாட்மிண்டன் வீராங்கனை லிலியானா நத்சிர் ஆடிய ஆட்டங்களைப் பார்க்கும்போது நான் ஷட்டிலைத் தொடர்வதில்லை. அவர் ராக்கெட்டின் தலையையே பார்த்துக்கொண்டிருப்பேன். பின்கோட்டில் அவருடைய ஜோடி டோன்டோவி அஹ்மத் துள்ளி எழுந்து ஸ்மாஷ் அடிக்கிறார். அரங்கத்தின் கண்ணெல்லாம் அவர்மேல். முன்னால் நிற்கிற இவர் திரும்பியும் பார்ப்பதில்லை. முழங்கால் மடங்கியிருக்கும். முழங்கை உடம்பைவிட்டு முன்னே வந்திருக்கும். ராக்கெட் நெட்டின் வெள்ளைப் பட்டைக்கு ஒரு சாண் மேலே, அசையாமல். எதிராளி ஸ்மாஷைத் தடுத்துத் திருப்பும்போது, அது வரப்போகும் பக்கத்துக்கு ராக்கெட் ஏற்கெனவே போயிருக்கும். அப்புறம் ஒரு தட்டு. ஓங்கல் கிடையாது, விரல்கள் இறுகித் தளர்கிற அளவுதான். புள்ளி முடிந்துவிடும். மறு ஒளிபரப்பில் டோன்டோவியின் துள்ளலைக் காட்டுவார்கள்.

நத்சிரை நான் நேரில் பார்த்தது 2009இல். உலக சாம்பியன்ஷிப் ஹைதராபாத்துக்கு வந்த ஆண்டு. நானும் கிளப் நண்பர் ஒருவரும் சென்னையிலிருந்து ராத்திரி ரயில் ஏறிப் போனோம். அந்த வாரம் ஜுவாலா கட்டா – திஜு ஜோடி காலிறுதி வரை போயிருந்ததால் ஊரெல்லாம் கலப்பு இரட்டையர் பேச்சாக இருந்தது, நம் நாட்டில் அபூர்வமாக. கச்சிபௌலி அரங்கில் எங்களுக்குக் கிடைத்தது கோர்ட்டின் பின்பக்க இருக்கை. பக்கவாட்டில் உட்கார்ந்தவர்களைப் பார்த்து முதலில் வயிற்றெரிச்சலாக இருந்தது. பத்து நிமிடத்தில் அது போய்விட்டது. பின்னாலிருந்து பார்த்தால்தான் இந்த ஆட்டத்தின் இடைவெளிகள் தெரிகின்றன. எந்த இடம் திறந்திருக்கிறது, அதை யார் முதலில் பார்க்கிறார் என்பது தெரிகிறது. அந்நாளில் நோவா விதியான்டோவோடு ஜோடி சேர்ந்து ஆடிய நத்சிர் அந்த இடங்களை மற்ற மூன்று பேருக்கும் முன்னால் பார்த்துவிடுவார். அப்போது அவருக்கு 23 வயது, ஏற்கெனவே இரண்டு முறை உலக சாம்பியன்.

அன்றைய இறுதியில் அவர் தோற்றார். டென்மார்க்கின் தாமஸ் லேபோர்ன் – கமில்லா ரிட்டர் யூல் ஜோடி நேர் கேம்களில் ஜெயித்தது. ஆனால் ரயிலில் திரும்பி வரும்போது நாங்கள் இருவரும் பேசியது அவருடைய ஒரே ஒரு அடியைப் பற்றித்தான்.

எங்கள் கிளப்பில் அதற்கு ‘ஹாஃப் புஷ்’ என்று பேர். எல்லாரும் ஆடுகிற அடிதான். முன்னால் நிற்பவரின் ராக்கெட்டைத் தாண்ட வேண்டும். பின்னால் நிற்பவர் ஓடி வந்து எட்டும்போது ஷட்டில் அவர் இடுப்புக்குக் கீழே விழுந்திருக்க வேண்டும். வேகம் கூடினால் அவர் அதை டிரைவாக மாற்றி முகத்துக்கு அடிப்பார். குறைந்தால் முன்னால் நிற்பவர் நெட்டிலேயே கொன்றுவிடுவார். நடுவில் இருக்கிற அந்த ஒரே வேகம் நத்சிர் கையில் பிசகாமல் இருந்தது. அதைவிடப் பெரிய விஷயம், அவர் நெட் டிராப் போடுவதும் ஹாஃப் புஷ் போடுவதும் கடைசிக் கணம் வரை ஒரே மாதிரி இருக்கும். ராக்கெட் முகம் நெட்டை ஒட்டிச் சரிந்து வரும், எதிரே நிற்கிற பெண் டிராப் என்று நம்பி ஒரு அடி முன்னே வைப்பார், அந்த அடியை வைத்த பிறகுதான் கட்டைவிரல் கைப்பிடியின் பட்டைப் பக்கத்தை அழுத்தும். ஷட்டில் அவருடைய தோளோரமாகப் போய்ப் பக்கக்கோட்டருகே இறங்கும். பின்னால் இருக்கிற ஆண் குனிந்து எடுத்தாக வேண்டும். குனிந்து எடுத்தால் மேலே தூக்கிவிடும் லிஃப்ட்தான் வழி. லிஃப்ட் வந்தால் டோன்டோவிக்கு ஸ்மாஷ். அந்த ஸ்மாஷ் பாதி தடுக்கப்பட்டுத் திரும்பினால், மேலே சொன்ன ராக்கெட் அங்கே காத்திருக்கிறது.

நத்சிரின் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி பதக்கங்களில் இல்லை, ஜோடி மாற்றத்தில் இருக்கிறது. மனாடோவில் பிறந்து பள்ளி வயதிலேயே ஜகார்த்தாவுக்கு வந்தவர். நோவா அவரைவிட எட்டு வயது மூத்தவர். 2005இல் அனஹைமில் முதல் உலகப் பட்டம் வென்றபோது, அதுவும் பழைய 15 புள்ளி முறையில், இவருக்கு இருபதுகூட நிறையவில்லை. நோவா அமைதியான, கணக்குப் போட்டு ஆடுகிறவர். அவர் ஷட்டிலை எங்கே அனுப்புகிறாரோ அதற்கேற்ப முன்னால் நகர்ந்து முடித்துவைப்பது இவர் வேலை. 2007இல் கோலாலம்பூரில் காவ் லிங்கைத் தோற்கடித்து இரண்டாவது பட்டம். இரண்டு ஒலிம்பிக் தங்கம் கையில் வைத்திருந்த காவ் லிங்! 2008 பெய்ஜிங்கில் லீ யோங் டே – லீ ஹியோ ஜங்கிடம் தோற்று வெள்ளி.

2010இல் பயிற்சியாளர் ரிச்சர்ட் மைனாகி இவரை டோன்டோவியோடு சேர்த்தார். டோன்டோவி இவரைவிட இரண்டு வயது இளையவர். கை பலமும் துள்ளலும் ஏராளம். மனம்தான் ஆட்டத்துக்கு நடுவே அங்கே இங்கே போய்விடும். வழிநடத்தப்பட்டவர் வழிநடத்த வேண்டிய இடத்துக்கு வந்தார். அதே கோர்ட், அதே முன்வரிசை. ஆனால் இப்போது ஆட்டத்தின் திசையை முன்னால் நிற்கிறவர் முடிவு செய்தார். சர்வீஸுக்கு முன் இடுப்புக்குப் பின்னால் விரலால் காட்டும் சைகை, புள்ளி போனதும் திரும்பிப் போய்ச் சொல்லும் இரண்டு வார்த்தை, எதிராளி வேகம் எடுக்கும் நேரத்தில் ஷட்டில் மாற்றச் சொல்லி நடுவரிடம் நிதானமாக நடப்பது என்று எல்லாம் இவர் பொறுப்பு. ஒரு வீராங்கனை தன் கலையைப் பாதி வழியில் பிரித்துப் போட்டு மறுபடி கட்டியதை நான் வேறு யாரிடமும் இவ்வளவு தெளிவாகப் பார்த்ததில்லை. பலன் சீக்கிரம் வந்தது. 2012, 2013, 2014 என்று தொடர்ந்து மூன்று ஆல் இங்கிலாந்து. 1979இல் கிறிஸ்டியன் ஹதினாதா – இமெல்டா விகுனா வென்ற பிறகு, 33 ஆண்டுகள் கழித்து அந்தக் கோப்பை இந்தோனேசியக் கலப்பு ஜோடியின் கைக்கு வந்தது. அதே காலத்தில் டெல்லியில் நடந்த இந்தியா ஓப்பனையும் 2011 முதல் மூன்று ஆண்டு தொடர்ந்து வென்றார்கள். அங்கே பாதி இருக்கை காலியாக இருந்ததைத் தொலைக்காட்சியில் பார்த்து வருத்தப்பட்டேன்.

சாவ் யுன்லெய்தான் எல்லாக் காலத்துக்கும் சிறந்தவர் என்கிற நண்பர்கள் எனக்கு உண்டு. 2012 லண்டனில் ஒரே ஒலிம்பிக்கில் கலப்பு இரட்டையர், பெண்கள் இரட்டையர் என்று இரண்டு தங்கம் வென்றவர், மூன்று கலப்பு உலகப் பட்டம் வைத்திருப்பவர். நான் மறுத்துப் பேசுவதில்லை. அவர் உயரம், பின்கோட்டுக்குப் போனாலும் குறையாத அவருடைய அடி, இரண்டுமே அரிய வரம். ஆனால் சாவ் யுன்லெய் ஆட்டத்தில் எதிராளிக்கு நேரம் இல்லாமல் போகிறது. நத்சிர் ஆட்டத்தில் எதிராளிக்கு நேரம் இருக்கும், போக இடம் இருக்காது. எனக்கு இரண்டாவது ருசி. ஆல் இங்கிலாந்தின் 2013, 2014 இறுதிகள் இரண்டிலும் ஜாங் நான் – சாவ் யுன்லெய் ஜோடியை நத்சிர் ஜோடி நேர் கேம்களில் வென்றது என்பதை மட்டும் அந்த நண்பர்களுக்கு ஞாபகப்படுத்துவேன்.

ஹுவாங் யாச்சியோங்கின் ரசிகர்களோடு வாதம் இன்னும் கஷ்டம், ஏனென்றால் அவர் நெட்டில் நிற்பதைப் பார்த்தால் எனக்கும் நத்சிர் ஞாபகம் வருகிறது. 2024 பாரிஸ் தங்கம் சரியான கைக்குப் போனது என்றே நினைக்கிறேன்.

லண்டன் 2012 எனக்கு இன்னும் வலிக்கிற ஞாபகம். அரையிறுதியில் சீனாவின் சூ சென் – மா ஜின்னிடம் முதல் கேமை 23-21 என்று வென்றுவிட்டு, அடுத்த இரண்டையும் கோட்டைவிட்டார்கள். வெண்கலப் போட்டியும் போனது. 1992 பார்சிலோனாவிலிருந்து ஒவ்வொரு ஒலிம்பிக்கிலும் பாட்மிண்டனில் தங்கம் கொண்டுவந்த இந்தோனேசியா அந்த முறை வெறுங்கையோடு திரும்பியது. அடுத்த ஆண்டு குவாங்சௌ உலக சாம்பியன்ஷிப் இறுதியில் அதே சூ சென் – மா ஜின், அவர்கள் சொந்த மண்ணில். மூன்றாவது கேமில் 18-20. இரண்டு மேட்ச் பாயிண்ட் எதிர்ப்பக்கம். அங்கிருந்து நான்கு புள்ளிகளைத் தொடர்ச்சியாக எடுத்து 22-20 என்று முடித்தார்கள். அந்த ஆட்டத்தை எத்தனையோ தடவை போட்டுப் பார்த்திருக்கிறேன். முடிவு தெரிந்தும் 18-20இல் கை வேர்க்கும். அந்த நிலையில் அவர் முகத்தில் ஒன்றும் தெரியாது. ராக்கெட்டும் இறங்காது. களைத்த வீரருக்கு முதலில் தாழ்வது ராக்கெட்தான், ஆடுகிறவர்கள் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

ரியோ ஒலிம்பிக்கைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. ஒரு கேம்கூட விட்டுக்கொடுக்காமல் வென்ற தங்கம். இறுதியில் மலேசியாவின் சான் பெங் சூன் – கோ லியூ யிங்கை 21-14, 21-12. நாள் 2016 ஆகஸ்ட் 17, இந்தோனேசியச் சுதந்திர தினம். நினைத்துப் பார்க்கவேண்டியவர் கோர்ட்டுக்கு வெளியே நாற்காலியில் இருந்த மைனாகி. 2000 சிட்னியில் அவருடைய ஜோடி திரி குஷார்யந்தோ – மினார்த்தி திமுர், இறுதியில் முதல் கேமை 15-1 என்று வென்றுவிட்டுத் தோற்றது. 2008இல் நோவா – நத்சிர். இரண்டு வெள்ளிக்குப் பிறகு இது.

ஆனால் கண்ணை மூடினால் எனக்கு வருவது 2017 கிளாஸ்கோ. எதிரே செங் சிவெய் – சென் சிங்சென், இருவருக்கும் இருபது வயது. இவருக்கு அடுத்த மாதம் 32. முதல் கேம் 15-21 என்று போனது. அந்த இளம் ஜோடியின் வேகத்துக்கு ஈடுகொடுக்கும் முயற்சியை இவர் கைவிட்டார், வேகத்தை எடுத்துவிட்டார். ஹாஃபுக்கு ஹாஃபாகத் தள்ளி, அவர்களைக் குனிய வைத்து, 21-16, 21-15. நான்காவது உலகப் பட்டம், முதல் பட்டத்துக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து.

இப்போது கலப்பு இரட்டையர் என்று பையன்கள் கைபேசியில் பார்ப்பது முப்பது விநாடித் துண்டு. அதில் ஸ்மாஷ் இருக்கும். அந்த ஸ்மாஷுக்கு வழி திறந்த புஷ், இரண்டு அடி முன்னால் வெட்டப்பட்டிருக்கும். ஒளிபரப்புக் கேமராவும் மேலே போய்விட்டது, அங்கிருந்து பார்த்தால் நெட்டின் உயரமே தெரிவதில்லை. உயரம் தெரியாதபோது, அந்த ராக்கெட் எங்கே நிற்கிறது என்பது எப்படித் தெரியும்? எங்கள் ஊரில் நான் வருஷாவருஷம் ஆடிய ஒரு போட்டியில் கலப்பு இரட்டையர் பிரிவையே எடுத்துவிட்டார்கள். பெயர் கொடுக்க ஆள் இல்லையாம். அந்தப் பிரிவில் எங்களோடு ஆடிய அக்கா ஒருவர், வங்கி வேலைக்குப் போகுமுன் காலை ஆறு மணிக்கு வந்து, ஜோடியாக வரும் எந்த ஆணிடமும் முதலில் சொல்வது: “நீ பின்னாடி நில்லு தம்பி. என் தலைக்கு மேல வர்றதை மட்டும் எடு.” அவர் ஹாஃப் புஷ்ஷுக்கு நாங்கள் குனிந்த குனிவு முதுகில் இன்னும் இருக்கிறது. ‘லேடீஸ் நெட்ல சும்மா நிக்கட்டும், நான் பார்த்துக்கறேன்’ என்கிற குரலைத்தான் இப்போது பக்கத்துக் கோர்ட்டில் கேட்கிறேன். அந்தக் குரல்காரர்களை உட்காரவைத்து குவாங்சௌ இறுதியின் மூன்றாவது கேமை முழுசாகப் போட்டுக்காட்ட வேண்டும் என்று தோன்றும்.

2019 ஜனவரி 27. ஜகார்த்தாவின் இஸ்தோரா அரங்கம். இந்தோனேசியா மாஸ்டர்ஸ் இறுதி நாளிலேயே அவருக்கு விடைகொடுக்கும் நிகழ்ச்சியும் நடந்தது. ‘புத்தெத்’ என்று ஊரே அழைத்தது. பாத்தாக் மக்கள் சிறுமிகளைச் செல்லமாகக் கூப்பிடும் சொல் அது. இவர் பாத்தாக் இல்லை, ஆனாலும் பெயர் ஒட்டிக்கொண்டது. இறுதியில் எதிரே செங் சிவெய் – ஹுவாங் யாச்சியோங். முதல் கேமை 21-19 என்று எடுத்தார்கள். இரண்டாவது 19-21. மூன்றாவதில் இடைவெளி மெல்ல விரிந்து, 16-21 என்று முடிந்தது. கடைசிப் புள்ளிக்கும் அவர் ராக்கெட் வெள்ளைப் பட்டைக்கு மேலேதான் இருந்தது. எதிர்ப்பக்கம் ஹுவாங்கின் ராக்கெட்டும் அதே உயரத்தில்.