கரைவலையும் கலைக் கோட்பாடும்

கலை கலைக்காகவா, மக்களுக்காகவா என்ற வழக்கு நம்மிடையே இன்னும் முடிந்தபாடில்லை. ஒரு சாரார் உருவத்தை உயர்த்திப் பிடிக்கின்றனர். மறு சாரார் உள்ளடக்கமே எல்லாம் என்கின்றனர். இரு சாராரும் சாட்சிக் கூண்டில் ஏற்றுவது பெரும்பாலும் அச்சேறிய நூல்களைத்தான். பாட்டைப் பாடுகிறவன், அதன் தாளத்தில் தோள் கொடுக்கிறவன், அதைக் கேட்டுச் சிரிக்கிறவன் ஆகியோர் இந்த வழக்கில் அபூர்வமாகவே அழைக்கப்படுகின்றனர். இந்தக் குறை நேற்றுத் தோன்றியதன்று. கற்பிட்டியில் 1807இல் பிறந்த சைமன் காசிச்செட்டி, தமிழ்ப் புலவர்களின் வரலாற்றை முதன்முதலில் திரட்டியவர்களுள் ஒருவர். அவருடைய ஆங்கில நூலான ‘தமிழ் புளூட்டாக்’ 1859இல் வெளிவந்தது. அரிய உழைப்பு அது, ஐயமில்லை. ஆனால் பெயருள்ள புலவர்களுக்கே அதில் இடம். அவர் பிறந்த அதே கரையில் வலை இழுத்தவாறே பாட்டுக் கட்டியவர்களுக்குப் பெயரும் இல்லை, இடமும் இல்லை.

சிலாபத்துக்கு வடக்கே, கடலுக்கும் முந்தல் களப்புக்கும் இடையில் உடப்பு என்ற ஊர் கிடக்கிறது. இராமேசுவரக் கரையிலிருந்து வந்து குடியேறியோரின் வழித்தோன்றல்கள் தாம் என்பது அவ்வூரார் வழங்கும் வரலாறு. கரைவலை அவர்களுடைய தொழில். தோணி ஒன்று வலையை ஏற்றிக்கொண்டு கடலுக்குள் சென்று, பெரியதோர் அரைவட்டமாக அதனை வளைத்து விட்டுத் திரும்பும். வலையின் இரு தலைக்கயிறுகளையும் கரையில் இரு அணியினர் பற்றி இழுப்பர். மணிக்கணக்கில் இழுக்க வேண்டும். ஓரணி முந்தினாலும் மற்றது பிந்தினாலும் வலை கோணிவிடும், மடியிலுள்ள மீன் தப்பிவிடும். ஆகவே முப்பது நாற்பது உடம்புகள் ஓருடம்பாக வேண்டும். அவற்றை ஓருடம்பாக்குவது அம்பா. ஒருவன் அடியெடுத்துக் கொடுக்கிறான். மற்றவர்கள் பின்பாட்டை ஏற்று இழுக்கிறார்கள்.

இத்தகைய பாட்டே கவிதையின் வித்து என்பது புதிய கருத்தன்று. ஜெர்மானியப் பொருளியலறிஞர் கார்ல் பூக்கர் 1896இல் உழைப்பையும் தாளத்தையும் இணைத்து நூல் எழுதினார். ஜோர்ஜ் தொம்சன் 1945இல் வெளியிட்ட ‘மார்க்சியமும் கவிதையும்’ என்ற சிறு நூல் அக்கருத்தை மேலும் வளர்த்தது. அந்தத் தொம்சனிடம் பேர்மிங்காமில் பயின்றவர்களே நம் கைலாசபதியும் சிவத்தம்பியும். 1968இல் வெளிவந்த கைலாசபதியின் வீரயுகப் பாடல் ஆய்வும், 1981இல் வெளிவந்த சிவத்தம்பியின் பண்டைத் தமிழ் நாடக ஆய்வும் அந்தப் பட்டறையில் உருவானவை. ஆக, உழைப்பிலிருந்து கலை என்ற சூத்திரம் நமக்கு நன்கு மனப்பாடம். மனப்பாடமாகிவிட்டதுதான் தொல்லை.

அம்பாவில் இரண்டு பகுதிகள் உண்டு. பின்பாட்டு மாறாதது, அதன் நீளத்தைத் தசைநார்களே தீர்மானிக்கின்றன. அடியெடுப்பவனின் வரியோ மாறிக்கொண்டே இருப்பது. தெய்வத்தை அழைத்த நாக்கு அடுத்த வரியில் காதலிக்குத் தாவும். அதற்கடுத்த வரியில் சோம்பி நிற்பவனைக் கிண்டல் செய்யும். வலைச் சொந்தக்காரனான சம்மாட்டியின் காதில் விழும்படி ஒரு குத்தலும் வரும். கயிற்றை இழுப்பதற்கு இவற்றுள் எதுவும் தேவையில்லை. வெறும் கூப்பாடே போதும். அப்படியிருக்க இவை ஏன் வருகின்றன? ஓர் இழுப்புக்கும் அடுத்த இழுப்புக்கும் இடையே உள்ள சிறு இடைவெளியில், உழைப்பாளி உழைப்புக் கருவி மட்டுமல்லன், மனிதன் என்பதைக் காட்டிக்கொள்கிறான். அழகு பிறக்கும் இடம் அதுவே என்பது என் துணிபு. தொம்சனே இந்த இரு பகுதிகளையும் பிரித்துக் காட்டியிருக்கிறார். அவரைக் கற்ற நம்மவர் பலர் முதற்பாதியை மட்டும் கைக்கொண்டு, கவிதையை உழைப்பின் எதிரொலியாகச் சுருக்கிவிட்டனர். ‘தூய’ இலக்கியவாதிகள் நம்மைக் கேலி செய்ய இடங்கொடுத்தது இந்தச் சுருக்கமே.

அந்தத் தூயவர்களின் பார்வை கடற்கரைக்கு வந்தால் என்ன நேரும் என்பதைத் திரைப்படத்தில் காணலாம். 1934ஆம் ஆண்டில் இரு படங்கள் வெளிவந்தன. ஒன்று ரொபர்ட் பிளாகர்ட்டி அயர்லாந்துத் தீவொன்றில் எடுத்த ‘ஆரன் மனிதன்’. அலையும் மனிதனும் மோதும் காட்சிகள் கண்ணைப் பறிப்பவை. ஆனால் அத்தீவினர் எப்போதோ கைவிட்டிருந்த சுறா வேட்டையைப் படத்துக்காக அவர்களுக்கு மீண்டும் கற்றுக்கொடுக்க வேண்டியிருந்தது. நிலவுடைமையாளனோ படத்தில் தலைகாட்டவேயில்லை. மற்றது பசில் ரைட் நம் தீவிலேயே எடுத்த ‘இலங்கையின் பாடல்’. தேயிலை விளம்பரத்துக்கென்று பணம் கொடுக்கப்பட்ட படம் அது. லயனல் வென்ட்டின் குரல் அதற்கு உயிரூட்டியது. உழைப்போரின் உருவங்கள்மீது சந்தை விலைகளின் ஓசையைப் படரவிட்ட ஒரு பகுதி அதில் உண்டு. விளம்பரப் படத்துக்குள் ரைட் அந்த அளவுக்காவது நேர்மையைக் கடத்திவிட்டார் என்று மெச்சவே வேண்டும். ஆயினும் அங்கும் மனிதன் தன் வாயால் பேசுவதில்லை. 1948இல் விஸ்கொந்தி சிசிலித் தீவின் மீனவரைக் கொண்டு எடுத்த ‘மண் அதிர்கிறது’ என்ற படத்தில்தான் மீனவன் தன் சொந்தப் பேச்சில் மீனின் விலையைப் பற்றிப் பேசினான். பேசியதால் படத்தின் அழகு குறைந்ததா? பிளாகர்ட்டியின் கடலைவிட விஸ்கொந்தியின் கடல் நம்மைக் கூடுதலாக அச்சுறுத்துகிறது. அடகு வைத்த வீடு எந்தப் புயலில் போகும் என்று நமக்குத் தெரிந்துவிட்டதே!

நம் கரைக்கும் இது பொருந்தும். கயிறு பிடிக்கும் கைகள் எத்தனை அழகு என்று பாடுபவர், மடி கரையேறிய பின் நடக்கும் பங்கீட்டையும் நின்று பார்க்க வேண்டும். செலவு கழிக்கப்படும், வலைக்கும் தோணிக்கும் உரிய பங்கு சம்மாட்டிக்குப் போகும், எஞ்சியது இழுத்தவர்களுக்குள் பிரியும். அடியெடுப்பவனின் குத்தல் வரிக்கு அர்த்தம் அங்கேதான் விளங்கும்.

இப்போது கரைவலையை இழுக்க உழவு இயந்திரத்தில் பூட்டிய வின்ச் வந்துவிட்டது. வின்ச்சுக்கு அம்பா வேண்டியதில்லை. இதை எண்ணி ஒப்பாரி வைக்க நான் தயாரில்லை. தோள் தேய்ந்தவனிடம் போய்ப் பாட்டுக்காகக் கயிற்றை விடாதே என்று சொல்வது இரசனையன்று, கொடுமை. எத்தனை கைகள் வேலை இழந்தன, மிச்சமான கூலி யார் மடியில் விழுந்தது என்பதே கேட்க வேண்டிய கேள்வி. பாட்டோ மேடைக்கு ஏறுகிறது. இல்லாத கயிற்றை இழுப்பதுபோல் இளைஞர்கள் அபிநயிக்கிறார்கள். தாளம் குறைவின்றி நிற்கிறது. தெய்வ வணக்கமும் நிற்கிறது. முதலில் உதிர்வது அடியெடுப்பவனின் அன்றைய வரிதான், ஏனெனில் மேடையில் சோம்பி நிற்பவனும் இல்லை, சம்மாட்டியும் இல்லை. போதாததற்குப் பாட்டைத் தொகுக்கும் பண்டிதர் ‘ஆபாசம்’ என்று சில வரிகளை நீக்கிவிட்டு நமக்குத் தருகிறார். நா. வானமாமலை 1964இல் ‘தமிழர் நாட்டுப்பாடல்க’ளைத் தொகுத்தபோது, பாடியவரின் வாழ்க்கையிலிருந்து பாட்டைப் பிரிக்காமல் காட்டினார். உடப்புப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் ஆசிரியர்கள் இன்று செய்யக்கூடிய முதல் வேலை அதுவே: வெட்டாமல் எழுதிக்கொள்வது.

வெட்டுவது பண்டிதர் மட்டுமல்லர், நாமும் வெட்டுகிறோம். உடப்பில் ஆடி மாதத்தில் திரௌபதை அம்மனுக்குப் பதினெட்டு நாள் விழா நடந்து தீமிதிப்பில் நிறைவேறும். முற்போக்காளர் பலர் இதனை மூடநம்பிக்கை என்ற ஒரு சொல்லில் அடைத்துவிட்டு அப்பால் செல்வர். மார்க்ஸ் 1844இல் மதத்தை அபினிக்கு ஒப்பிட்ட அதே பந்தியில், அது உண்மையான துன்பத்தின் வெளிப்பாடும் அத்துன்பத்துக்கு எதிரான ஆட்சேபமுமாம் என்ற கருத்தையும் வைத்தாரே, அதை ஏன் மறக்க வேண்டும்? பாரதத்தில் தெய்வமாக்கத் தக்க வீரர்கள் எத்தனையோ பேர். கடல்மேல் செல்லும் மக்கள் வணங்கத் தேர்ந்தது, சூதில் பணயமாக வைக்கப்பட்டு, பெரியோர் நிறைந்த சபையிலே நியாயம் கேட்ட ஒரு பெண்ணை! ஒவ்வொரு நாளும் கடலோடு சூதாடி, கரையில் கடனோடும் சூதாடுகிற குடும்பங்களுக்கு அவள் கதை அந்நியமாக இருக்க முடியாது. தணல்மீது கால் வைப்பவன் அதைத் தத்துவமாகச் சொல்லமாட்டான். ஆனால் சபையிலே கேட்ட அக்கேள்விக்கு இன்னும் விடை வரவில்லை என்பதை அவன் அறிவான். அறிந்தும் அவன் அம்மனிடமே முறையிடுகிறான், சங்கத்திடம் அன்று. அந்தத் தோல்வி நம்முடையது, அம்மனுடையதன்று.

உருவவாதிகள் மகிழத்தக்க சாட்சி ஒன்றையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். புத்தளம் நகரை அடுத்த சிரம்பியடியில் ஆபிரிக்க வழித்தோன்றல்கள் சிலர் வாழ்கின்றனர். போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் ஆங்கிலேயரும் அடிமைகளாகவும் படைவீரராகவும் கொண்டுவந்தவர்களின் சந்ததியினர் அவர்கள். வீட்டில் பேசுவது பெரும்பாலும் சிங்களம். அவர்கள் பாடும் மஞ்சாவோ போர்த்துக்கேயக் கிரியோலில் அமைந்தது. அம்மொழி இன்று அவர்களிடையே அன்றாடப் பேச்சாக இல்லை. பாடுபவருக்கே பல சொற்களின் பொருள் மங்கிவிட்டது. பார்த்தீர்களா, பொருள் போனாலும் உருவம் வாழ்கிறது என்று நம் எதிர்த்தரப்பார் கைதட்டலாம்.

கைதட்டுவதற்கு முன் ஒன்றைக் கவனிக்கட்டும். சிலாபம் முதல் நீர்கொழும்பு வரையுள்ள கரையில் தமிழ் பேசிய கத்தோலிக்கக் கடற்றொழிலாளர் பெருந்தொகையினர், இருபதாம் நூற்றாண்டில் பாடசாலை மொழி மாறியதோடு தாமும் சிங்களத்துக்கு மாறினர். மொழி ஒரு தலைமுறையில் மாறக்கூடியது என்பதற்கு அக்கரை முழுவதும் சான்று. அவ்வாறிருக்க, சிரம்பியடியார் பேச்சை விட்டும் பாட்டை விடாதது ஏன்? பிரயோசனமற்ற அழகை எவரும் இத்தனை தலைமுறை சுமப்பதில்லை. அவர்களுடைய பெயர்களும் மதமும் மொழியும் எசமானர்கள் தந்தவை. எசமானர் மொழியில் அமைந்த அந்தப் பாட்டை மட்டும் அவர்கள் தம்முடையதாக்கிக்கொண்டனர். சொற்களின் பொருள் தேய்ந்த இடத்தில், நாங்கள் இன்னார் என்ற வேறொரு பொருள் வந்து அமர்ந்துவிட்டது. றபானும் தேங்காய்ச் சிரட்டையும் கண்ணாடிப் போத்தலும் கரண்டியுமே வாத்தியங்கள். பாட்டு மெதுவாகத் தொடங்கும். ஒரே வரி திரும்பத் திரும்ப வரும். வேகம் ஏற ஏற, உட்கார்ந்திருந்த கிழவிகளும் எழுந்து ஆட வந்துவிடுவார்கள்.